ஓர் அரசு செய்த பிழைக்கு யாரிடம் போவது?

ஒவ்வொரு வருசமும் மாசி, பங்குனியில் யாழ்ப்பாணத்துப் பத்திரிகைகள் ஜெனிவாப் பக்கம் திரும்பிவிடும். "சர்வதேச விசாரணை", "சர்வதேச நீதிமன்றம்", "பொறுப்புக்கூறல்" எல்லாம் ஒரே பந்தியில் வரும். வாசிக்கிற ஆளுக்கு இவை எல்லாம் ஒரே கட்டடத்தின் வெவ்வேறு அறைகள் என்றுதான் தோன்றும். உண்மையில் அவற்றுக்கு இடையில் கடல் அளவு தூரம் இருக்கிறது.

ஜெனிவாவில் இருக்கிற மனித உரிமைகள் பேரவை 47 அரசுகள் வாக்களிக்கிற அரசியல் சபை. அது தீர்ப்புச் சொல்லாது, நட்டஈடு கொடுக்கச் சொல்லிக் கட்டளையும் இடாது. 2021 பங்குனியில் வந்த 46/1 தீர்மானம் சாட்சியங்களைச் சேகரித்துப் பாதுகாக்க ஓர் ஏற்பாட்டைத் தந்தது. அதன் பயன் பெரிது, ஆனால் அது வழக்கு அல்ல. அதே ஜெனிவாவில் இருக்கிற மனித உரிமைகள் குழு வேறு: 18 நிபுணர்கள், தனியாட்களின் முறைப்பாட்டை எடுப்பார்கள். ஹேக்கில் இருக்கிற சர்வதேச குற்றவியல் நீதிமன்றம் தனிமனிதர்களை விசாரிக்கிறது, அரசை அல்ல. இலங்கை அதன் சட்டத்தில் இணையவும் இல்லை. அதே நகரத்தில் இருக்கிற சர்வதேச நீதிமன்றத்தில் அரசுக்கு எதிராக அரசு மட்டுமே வழக்குப் போடலாம். ஒரு தாயோ, ஒரு சங்கமோ, ஒரு கட்சியோ அங்கே போக முடியாது.

இவை எல்லாவற்றுக்கும் அடியில் இருப்பது அரசுப் பொறுப்பு என்கிற சட்டம். அது ஓர் உடன்படிக்கையாக இன்னும் ஆகவில்லை. ஐ.நா.வின் சர்வதேச சட்ட ஆணைக்குழு பல பத்தாண்டுகள் இழுத்து, கடைசியில் ஜேம்ஸ் குரோஃபோர்ட் அறிக்கையாளராக இருந்த காலத்தில், 2001இல் 59 உறுப்புரைகளாக முடித்த தொகுப்பு அது. ஐ.நா. பொதுச்சபை அதே வருசம் டிசம்பரில் அதைக் குறித்துக்கொண்டது, அவ்வளவுதான். ஆனாலும் நீதிமன்றங்களும் நடுவர் மன்றங்களும் அதன் பெரும்பகுதியை வழக்காற்றுச் சட்டமாகவே, அதாவது உடன்படிக்கை இல்லாவிட்டாலும் அரசுகளைக் கட்டுகிற விதியாகவே எடுத்தாளுகின்றன.

அதன் மூலவிதி சின்னது. ஒரு செயல் அல்லது செய்யாமை அந்த அரசுக்குரியதாக இருக்கவேண்டும். அது அந்த அரசின் சர்வதேசக் கடப்பாடு ஒன்றை மீறவேண்டும். இரண்டும் இருந்தால் பொறுப்பு வந்துவிடும். பொதுவாகக் கெட்ட நோக்கத்தை நிரூபிக்கத் தேவையில்லை. உள்நாட்டுச் சட்டம் அனுமதித்தது என்பதும் பதில் அல்ல.

எங்கள் பக்கத்து விவாதங்களில் தொண்ணூறு வீதம் இரண்டாவது பாதியிலேயே செலவாகிறது: நடந்தது குற்றமா, எவ்வளவு கொடியது, அதற்கு என்ன பெயர். வழக்குகள் சாகிற இடம் அதுவல்ல. யாருடைய செயல் என்கிற முதற் கேள்வியிலும், எந்தக் கதவால் உள்ளே போவது என்கிற கடைசிக் கேள்வியிலும்தான் சாகின்றன.

முதற் கேள்வியை எடுப்போம். இராணுவம், பொலிஸ், கடற்படை, நீதிமன்றம், மாகாண சபை, கிராம சேவையாளர் எல்லாமே அரசின் உறுப்புகள். அவர்கள் உத்தியோகத் தோரணையில் செய்தது அரசின் செயல். "மேலிடத்துக் கட்டளையை மீறிச் சில சிப்பாய்கள் செய்துவிட்டார்கள்" என்கிற வாதம் தனிமனிதர் வழக்கில் மேலதிகாரிக்கு உதவலாம். அரசுப் பொறுப்பில் அது செல்லாது. 7ஆம் உறுப்புரை அதை நேரடியாகவே அடைத்துவிட்டது.

சிக்கல் துணை ஆயுதக் குழுக்களில் தொடங்குகிறது. 1986இல், அமெரிக்கா ஆதரித்த கிளர்ச்சிக் குழுவைப் பற்றிய நிகரகுவா வழக்கில் சர்வதேச நீதிமன்றம் வைத்த அளவுகோல் கடுமையானது: காசு கொடுத்தது, ஆயுதம் கொடுத்தது, பயிற்சி கொடுத்தது போதாது, குறிப்பிட்ட அந்த நடவடிக்கையை அரசு கட்டுப்படுத்தியிருக்க வேண்டும். 2007இல் செர்பியாவுக்கு எதிராகப் பொஸ்னியா போட்ட வழக்கிலும் அதே அளவுகோலைப் பிடித்துக்கொண்டது. ஸ்ரெப்ரெனிற்சாவில் பொஸ்னிய செர்பியப் படை செய்தது இனப்படுகொலை என்று சொல்லிவிட்டு, அது செர்பியாவின் செயல் அல்ல என்றது. ஆனால் தடுக்கத் தவறியதற்கும் தண்டிக்கத் தவறியதற்கும் செர்பியா பொறுப்பு என்று தீர்த்தது. நட்டஈடு கொடுக்கச் சொல்லவில்லை.

இதை எங்கள் ஊர்ச் சாட்சியங்களோடு பொருத்திப் பாருங்கள். ஒரு வெள்ளை வான் வந்து ஆளை ஏற்றிக்கொண்டு போகிறது. ஊரடங்கு நேரம். இரண்டு சோதனைச்சாவடிகளை மறிப்பில்லாமல் கடக்கிறது. சாட்சி சொல்லுகிறவர்கள் வழமையாக "அது இராணுவந்தான்" என்று முடிவை மட்டும் எழுதிவிடுவார்கள். சட்டத்துக்குப் பெறுமதியானது அந்த முடிவு அல்ல, சோதனைச்சாவடி விபரம். எந்தச் சந்தி, என்ன நேரம், தடை திறந்திருந்ததா, கைகாட்டி விட்டார்களா, பிறகு அந்தப் பதிவேட்டைப் பொலிஸ் கேட்டதா. வானில் வந்தவர்கள் யார் என்று கடைசிவரை நிறுவ முடியாமற் போனாலும், தடுக்கக்கூடிய இடத்தில் இருந்தும் தடுக்கவில்லை, பிறகு தேடவும் இல்லை என்பது அரசின் சொந்தப் பிழை. அதற்கு நிகரகுவா அளவுகோல் தேவையில்லை.

புலிகளின் செயல்கள் இலங்கை அரசுக்குரியவை ஆகா. கிளர்ச்சி இயக்கம் வென்று அரசாகினால் அதன் பழைய செயல்களும் புதிய அரசுக்குரியவை ஆகும். தோற்றால் அப்படி ஆகாது. அங்கேயும் அரசு தன் மக்களைப் பாதுகாக்க முயன்றதா என்ற கேள்வி மட்டும் மிஞ்சும்.

யாழ்ப்பாணத்துக்கே உரிய கேள்வி இந்திய அமைதிப்படை. 1987 ஒக்டோபர் 21, 22இல் யாழ். போதனா வைத்தியசாலைக்குள் நடந்த கொலைகளை எடுத்துக்கொள்ளுங்கள். படை இலங்கையின் சம்மதத்தோடு, ஒப்பந்தத்தின் பேரில் வந்தது. அப்படியானால் இலங்கைதான் பொறுப்பா? 6ஆம் உறுப்புரைப்படி, ஓர் அரசின் படை இன்னொரு அரசின் கையில் முழுதாக ஒப்படைக்கப்பட்டு, அதன் கட்டளையின் கீழ் அதன் அதிகாரத்தைச் செலுத்தினால்தான் பொறுப்பு மாறும். அமைதிப்படையின் கட்டளை டில்லியிலேயே இருந்தது. ஆகவே செயல் இந்தியாவினுடையது. வரச் சம்மதம் கொடுத்தது, நோயாளியையும் தாதியையும் சுடச் சம்மதம் கொடுத்தது ஆகாது.

இவ்வளவு தெளிவாக இருந்தும் வழக்கு ஏன் இல்லை? கொல்லப்பட்டவர்கள் இலங்கைப் பிரசைகள். மரபான விதிப்படி அவர்களுக்காகக் கோரிக்கை வைக்கவேண்டியது இலங்கை. வைக்கவில்லை. நேரடியாகப் போகலாமென்றால், மனித உரிமைகள் குழுவுக்குத் தனியாள் முறைப்பாடு அனுப்ப வழிவிடுகிற விருப்ப நெறிமுறையில் இந்தியா சேரவில்லை. சித்திரவதைக்கெதிரான சமவாயத்தில் 1997இல் கையொப்பம் வைத்ததோடு நிற்கிறது. இனப்படுகொலைச் சமவாயத்தில் சர்வதேச நீதிமன்றத்துக்கு வழிவிடுகிற 9ஆம் உறுப்புரையைத் தன் சம்மதமில்லாமல் பாவிக்க முடியாதபடி விலக்கிவைத்திருக்கிறது. நீதிமன்றத்தின் பொதுவான அதிகாரத்தை ஏற்ற அறிவிப்பில் பொதுநலவாய நாடுகளோடான பிணக்குகளைத் தவிர்த்திருக்கிறது. இலங்கையோ அப்படியொரு அறிவிப்பே செய்யவில்லை. பொறுப்பு இருக்கிறது, கதவு இல்லை.

அதே இரண்டு நாடுகளுக்கு இடையில் இன்றைக்கும் ஓடுகிற பிரச்சினை கடலில். இரவில் வருகிற இழுவைமடிப் படகுகள் வலைகளை அறுத்துக்கொண்டு போகின்றன. படகு தனியாருடையது, ஓட்டி இந்திய அரசின் ஊழியர் அல்ல. ஆகவே வலையை அறுத்தது இந்தியாவின் செயல் அல்ல. அங்கேயே விட்டுவிடுகிறவர்கள் பலர். ஆனால் 2015 ஏப்ரல் 2இல் கடற்சட்டத்துக்கான சர்வதேச தீர்ப்பாயம் மேற்கு ஆபிரிக்க நாடுகளின் ஆணைக்குழு ஒன்றுக்குக் கொடுத்த ஆலோசனைக் கருத்தைப் பார்க்கவேண்டும். இன்னொரு நாட்டின் பொருளாதார வலயத்தில் தன் கொடியோடு ஓடுகிற படகு களவாக மீன் பிடிக்காமல் பார்த்துக்கொள்ள வேண்டியது கொடி நாட்டின் கடமை என்றது அது. ஒவ்வொரு களவுக்கும் அரசு தானாகப் பொறுப்பாகாது. பதிவு, கண்காணிப்பு, தண்டனை என்று உரிய முயற்சி எடுத்ததா என்பதே கேள்வி. பாக்கு நீரிணையில் 1974 ஒப்பந்தத்தால் எல்லை தெளிவாக இருக்கிறது. நீரிணையின் பெரும்பகுதி பொருளாதார வலயமல்ல, வரலாற்று நீர்ப்பரப்பு. அங்கே அந்நியப் படகுக்கு உரிமை இன்னும் குறைவு என்பதால் தர்க்கம் பலப்படுகிறதே தவிரக் குறையவில்லை. இலங்கை 2017இல் இழுவைமடியைத் தன் ஆட்களுக்கே தடைசெய்துவிட்டதும் கோரிக்கைக்கு வலு.

உரிய முயற்சி எடுக்கவில்லை என்று காட்ட மூன்று விசயம் வேண்டும்: அந்த அரசுக்குத் தெரியும், தடுக்க வசதி இருக்கிறது, தடுக்கவில்லை. இங்கே சங்கங்களின் முறைப்பாடுகளில் வழமையாக இருப்பது அறுந்த வலையின் பெறுமதி மட்டும். அதோடு படகின் பதிவிலக்கம், எந்த நிறம், ஜிபிஎஸ் காட்டிய இடம், நேரம், அன்றைக்கே கடற்றொழில் திணைக்களத்திலும் பொலிசிலும் பதிந்த இலக்கம், அதே படகு முன்பும் வந்ததா என்பவை வேண்டும். ஒரே பதிவிலக்கம் திரும்பத் திரும்ப வருகிறதென்றால், அந்தப் படகுக்கு அங்கே என்ன தண்டனை கிடைத்தது என்று இராஜதந்திரக் குறிப்பில் கேட்கலாம். அதுதான் "தெரியும், செய்யவில்லை" என்பதன் சான்று. மறுபக்கத்தையும் சொல்லவேண்டும். அதே கடலில் தமிழ்நாட்டு மீனவர் மேல் கடற்படை சுட்டால் அது இலங்கையின் உறுப்பு நேரடியாகச் செய்தது. உரிய முயற்சி எடுத்ததா என்ற கேள்வியே அங்கு எழாது. 1999இல் சைகா கப்பல் வழக்கில் அதே தீர்ப்பாயம், பலத்தைப் பாவிப்பதைக் கூடியவரை தவிர்க்கவேண்டும், தவிர்க்கமுடியாத இடத்தில் தேவைக்கு மேல் போகக்கூடாது என்று சொல்லியிருக்கிறது.

கதவு என்றால் என்ன என்பதற்கு இலங்கையிலேயே இருக்கிற மிகக் கசப்பான உதாரணம் கொக்கட்டிச்சோலை இறால் பண்ணை. 1987 ஜனவரி 28இல் விசேட அதிரடிப்படையின் நடவடிக்கையின்போது அந்தப் பண்ணை அழிந்தது. அதில் ஹொங்கொங் கம்பனி ஒன்றுக்கு 48.2 வீதப் பங்கு. பிரித்தானியாவோடு இலங்கை 1980இல் செய்த முதலீட்டு ஒப்பந்தம் ஹொங்கொங்குக்கும் நீட்டப்பட்டிருந்தது. கம்பனி அதே வருசம் ஜூலையில் உலக வங்கியின் முதலீட்டுப் பிணக்கு மையத்துக்குப் போய் 80 இலட்சம் டொலருக்கு மேல் கேட்டது. இப்படி ஒரு இருதரப்பு ஒப்பந்தத்தின் பேரில் அந்த மையத்தில் வந்த முதல் வழக்கு இதுதான். உலகம் முழுக்க முதலீட்டுச் சட்டம் படிக்கிறவர்கள் மட்டக்களப்பின் பெயரை இதனால்தான் அறிவார்கள்.

1990 ஜூன் 27இல் தீர்ப்பு. கட்டடங்களை அழித்தது படையா, எதிர்த்தரப்பா என்று தீர்ப்பாயத்தால் உறுதியாகச் சொல்ல முடியவில்லை. அரசு எல்லாவற்றுக்கும் உத்தரவாதி என்ற கம்பனியின் வாதத்தையும் ஏற்கவில்லை. ஆனால் தாக்குதலுக்கு முன் சந்தேகத்துக்குரிய ஆட்களைப் பண்ணை நிர்வாகத்தின் மூலமாகவே சமாதானமாக வெளியேற்ற முயன்றிருக்கலாம், அந்த எச்சரிக்கை எடுக்கப்படவில்லை, ஆகவே உரிய முயற்சி இல்லை என்று பெரும்பான்மை முடிவெடுத்தது. கொடுக்கச் சொன்ன தொகை 4,60,000 டொலர், 1987 ஜூலை 9இல் இருந்து 10 வீத வட்டி. பண்ணை தொடங்கிக் கொஞ்சக் காலந்தான் என்பதால் எதிர்கால இலாபத்தைச் சேர்க்கவில்லை. இருந்த சொத்தில் கடனைக் கழித்து, பங்கு வீதத்தைப் பெருக்கினார்கள்.

அந்த நடவடிக்கையில் பண்ணை ஊழியர்கள் இருபதுக்கும் மேற்பட்டவர்கள் கொல்லப்பட்டதாகக் கம்பனியே தன் வாதத்தில் சொன்னது. தீர்ப்பில் அவர்களுக்கு ஒரு சதமும் இல்லை. அவர்கள் வழக்காளிகள் அல்ல. முதலீட்டு ஒப்பந்தம் முதலீட்டாளருக்கு மட்டுமே கதவு திறக்கிறது. இலங்கைப் பிரசைகளுக்கு இலங்கைக்கு எதிராக வெளியே போக அன்று வழி எதுவும் இல்லை. ஒரே காலை, ஒரே நிலம், ஒரே படை. பங்குக்குக் கதவு இருந்தது, உயிருக்கு இல்லை.

உயிருக்கான கதவு 1997 ஒக்டோபர் 3இல் ஓரளவு திறந்தது. அன்று இலங்கை விருப்ப நெறிமுறையில் சேர்ந்தது. அது நடைமுறைக்கு வந்த பிறகு நடந்தவற்றுக்கு மட்டும் என்று அறிவித்துத்தான் சேர்ந்தது. இதைப் பார்த்து "எங்கள் சம்பவம் 1990" என்று கைவிட்டவர்கள் பலர். திருகோணமலையில் 1990 ஜூனில் இராணுவம் கொண்டுபோன மகனுக்காக ஒரு தகப்பன் எழுதிய சர்மா வழக்கு அதற்குப் பதில். ஆள் காணாமலாக்கப்படுவது ஒரு நாளில் முடிகிற செயல் அல்ல, விளைவு தொடர்கிறது என்ற அடிப்படையில் மனித உரிமைகள் குழு அதை எடுத்து, 2003 ஜூலையில் மீறல் என்று முடிவு சொன்னது. ஒரே நாளில் நடந்து முடிந்த கொலைக்கு இந்த வழி பொருந்தாது.

குழுவின் முடிவை இலங்கை எப்படி எடுத்துக்கொள்கிறது என்பதற்குச் சிங்கராசா வழக்கு. பயங்கரவாதத் தடைச் சட்டத்தின் கீழ் எடுத்த ஒப்புதல் வாக்குமூலத்தை வைத்துத் தண்டிக்கப்பட்டு, மேன்முறையீட்டில் 35 வருசமாக்கப்பட்டவர். 2004 ஜூலையில் குழு நீதியான விசாரணை உரிமை மீறப்பட்டது என்றது. அதை வைத்து உயர் நீதிமன்றத்துக்குப் போனபோது, 2006 செப்டெம்பர் 15இல், ஜனாதிபதி நெறிமுறையில் சேர்ந்ததே அரசியலமைப்புக்கு முரண் என்று தீர்ப்பு வந்தது. உள்நாட்டில் அதற்கு மேல் ஒன்றும் செய்ய முடியாது. சர்வதேசத் தளத்தில் அந்தத் தீர்ப்பு இலங்கையை விடுவிக்கவும் இல்லை: நீதிமன்றமும் அரசின் உறுப்பு, உள்நாட்டுச் சட்டம் சாக்கு அல்ல. இலங்கை நெறிமுறையை விட்டு விலகவில்லை. ஆகவே முறைப்பாடு இன்றும் போடலாம்.

சர்வதேச நீதிமன்றத்துக்கான கதவுகளில் இங்கே எல்லாரும் பார்ப்பது இனப்படுகொலைச் சமவாயம். இலங்கை 1950இல் சேர்ந்தது, 9ஆம் உறுப்புரையை விலக்கிவைக்கவில்லை. மியன்மாருக்கு எதிராகக் காம்பியா 2019 நவம்பரில் போட்டது இந்தக் கதவால்தான். நேரடியாகப் பாதிக்கப்படாத நாடும் போடலாம் என்று 2022இல் நீதிமன்றம் ஏற்றது. ஆனால் ஒரு குழுவை அழிக்கும் நோக்கம் என்பதைத் தவிர நியாயமான வேறு முடிவுக்கே வரமுடியாது என்ற அளவுக்குச் சான்று கேட்கிறார்கள். 2015இல் செர்பியாவுக்கு எதிரான வழக்கில் குரோசியா இதில்தான் விழுந்தது. ஒரு வழக்கு இந்தச் சமவாயத்தின் கீழ் தோற்றால், அதே சம்பவங்கள் போர்க்குற்றம் என்று அங்கே மாற்றி எடுக்கவும் முடியாது. நீதிமன்றத்தின் அதிகாரம் அந்தச் சமவாயத்தோடு முடிகிறது.

சித்திரவதைக்கெதிரான சமவாயத்தில் இலங்கை 1994 ஜனவரியில் சேர்ந்தது. அதன் 30ஆம் உறுப்புரையும் சர்வதேச நீதிமன்றத்துக்கு வழிவிடுகிறது. குழுவை அழிக்கும் நோக்கம் காட்டத் தேவையில்லை. வைத்தியச் சான்று, தடுப்பு முகாமின் பெயர், நாள் போதும். முன்படிகள் இருக்கின்றன: பேச்சு, அது சரிவராவிட்டால் நடுவர் மன்றக் கோரிக்கை, அதற்கு 6 மாதம். சிரியாவுக்கு எதிராக நெதர்லாந்து 2020 செப்டெம்பரில் முதற் குறிப்பை அனுப்பி, கனடாவும் சேர்ந்து, 2023 ஜூனில்தான் வழக்கைப் பதிந்தன. புலம்பெயர் அமைப்புகள் ஓர் அரசை அணுகுகிறபோது இனப்படுகொலை வழக்கை மட்டும் கேட்பது கெட்டித்தனம் என்று எனக்குத் தோன்றவில்லை. சித்திரவதைச் சமவாய வழக்கைக் கேட்டால் "சாத்தியமில்லை" என்று சொல்வது அந்த அரசுக்கும் கடினம்.

வென்றால் கிடைப்பது என்ன? நிறுத்துதல், முன்னைய நிலைக்குக் கொண்டுவருதல், நட்டஈடு, மன்னிப்பு அல்லது ஒப்புதல், இனி நடவாது என்ற உத்தரவாதம். நட்டஈட்டில் கொங்கோவின் அனுபவத்தைப் படிக்கவேண்டும். உகண்டாவுக்கு எதிராக 2005இல் வென்றது. 1,100 கோடி டொலருக்கு மேல் கேட்டது. 2022 பெப்ரவரி 9இல் கிடைத்தது 32.5 கோடி, வருசம் 6.5 கோடியாக ஐந்து தவணை. 1,80,000 மரணங்கள் என்றது கொங்கோ. நீதிமன்றம் 10,000 முதல் 15,000 என்ற கணக்கில் நின்றது. ஆட்களின் பெயர், இடம், திகதி, மரணப் பதிவு, வைத்தியசாலைப் பதிவு இல்லை என்பதே காரணம்.

இங்கே வீடுகளில் கொப்பிப் பையில் கிடக்கிற தாள்கள் இந்த இடத்தில்தான் காசாகவும் தீர்ப்பாகவும் மாறுகின்றன: பொலிஸ் முறைப்பாட்டுப் பிரதி, செஞ்சிலுவைச் சங்கத்தின் தேடற் பதிவிலக்கம், வைத்தியசாலை ரிக்கற், கிராம சேவையாளர் கடிதம், முகாம் அனுமதித் துண்டு. மூலப்பிரதியை எந்த ஆணைக்குழுவுக்கும் கொடுக்க வேண்டாம். பிரதியைக் கொடுத்து, பெற்றுக்கொண்டதாகத் திகதியோடு ஒப்பம் வாங்குங்கள். காணாமலாக்கப்பட்டவருக்கு மரணச் சான்றிதழ் எடுக்கச் சொல்லி வற்புறுத்தினால், 2016இல் இருந்து காணாமற்போனமைக்கான சான்றிதழ் என்று வேறொன்று இருக்கிறது. மரணம் என்று பதிந்தால், தொடர்கிற மீறல் என்ற வாதத்தை மற்றத் தரப்பு உடைக்கப் பார்க்கும்.

கடைசியாக, ஜெனிவாவில் மனித உரிமைகள் குழுவுக்கு எழுத முன் உள்நாட்டு வழிகளை முடித்திருக்கவேண்டும். அடிப்படை உரிமை மனுவுக்கு ஒரு மாதம்தான். கொழும்புக்குப் போகக் காசில்லை, சட்டத்தரணி கிடைக்கவில்லை என்று அந்த ஒரு மாதம் போய்விடுகிற குடும்பங்களே இங்கே அதிகம். அந்த மாதத்துக்குள் மனித உரிமைகள் ஆணைக்குழுவின் யாழ். அலுவலகத்தில் முறைப்பாடு கொடுத்தால், 1996இன் 21ஆம் இலக்கச் சட்டத்தின் 13ஆம் பிரிவுப்படி விசாரணை நடக்கிற காலம் கணக்கில் சேராது. ஆனால் முறைப்பாட்டுத் துண்டு மட்டும் போதாது, விசாரணை உண்மையில் நடந்துகொண்டிருந்ததைக் காட்டவேண்டும் என்று உயர் நீதிமன்றம் சொல்லிவருகிறது. ஆகவே ஆணைக்குழு அனுப்புகிற ஒவ்வொரு கடிதத்தையும், விசாரணைக்கு அழைத்த திகதிகளையும் வைத்திருங்கள். ஆட்கொணர்வு மனுவுக்கு அந்த ஒரு மாத எல்லை இல்லை. அதை மாகாண மேல் நீதிமன்றத்திலேயே போடலாம். உள்நாட்டு வழி முடிந்து 5 வருசத்துக்கு மேல் தாமதித்து ஜெனிவாவுக்கு எழுதினால், தாமதத்துக்குக் காரணம் கேட்பார்கள். அந்தக் காரணத்தை முதற் பக்கத்திலேயே எழுதிவிடுவது நல்லது.